மகளை ஐடல் குழுவுக்குக் கேட்கிறார்கள், கையெழுத்துப் போடலாமா?

கேள்வி:

டோக்கியோவில் நிஷி-கசாயில் ஒன்பது வருடமாக இருக்கிறோம். கணவருக்கு ஐடி வேலை. மகளுக்கு 14 வயது, ஜப்பானியப் பள்ளியில் படிக்கிறாள். ஆறு வயதிலிருந்து பரதம் கற்றவள், இரண்டு வருடமாக, இங்கே ஐடல் என்று சொல்லும், ஆடிப் பாடும் இளம் நட்சத்திரங்களின் பாட்டு, ஆட்டம் என்றே இருக்கிறாள். போன மாதம் ஹராஜுகுவில் டகேஷிதா தெருவில் ஒருவர் விசிட்டிங் கார்டு கொடுத்து, புதிதாகத் தொடங்கும் ஐந்து பேர் குழுவுக்கு இவள் வேண்டும் என்றார். ஷின்ஜுகுவில் அவர்கள் அலுவலகத்துக்கு நானும் போனேன். மரியாதையாகத்தான் பேசினார்கள். ஒப்பந்தம் மூன்று வருடத்துக்கு. பதிவுக்கும் பயிற்சிக்கும் 2,80,000 யென் நாங்கள் கட்ட வேண்டும். காதலிக்கக் கூடாது, மீறினால் 10 லட்சம் யென் அபராதம். அவளுடைய இன்ஸ்டாகிராம் கணக்கு அவர்கள் கையில் இருக்கும். கணவர் ஒரே வார்த்தையில் முடியாது என்கிறார். அவள் மூன்று நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. "18 வயசானா நானே கையெழுத்துப் போட்டுட்டுப் போயிடுவேன்" என்கிறாள். சனிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும். இந்த உலகமே மோசமானதா, அல்லது நாங்கள்தான் தேவையில்லாமல் பயப்படுகிறோமா?

- ஒரு அம்மா

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

சனிக்கிழமை நெருங்குவதால் முதலில் பதிலைச் சொல்லிவிடுகிறேன். இந்தத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். ஆனால் மகளிடம் "முடியாது" என்பதோடு பேச்சை முடித்துவிடவும் வேண்டாம். இந்த இரண்டும் சேர்ந்ததுதான் என் பதில்.

நான் வழக்கறிஞர் இல்லை. டோக்கியோவில் வெளிநாட்டுக் குடும்பங்களோடு வேலை செய்யும் சமூகப் பணியாளர். வழக்கறிஞர்களின் மேசைக்கு இந்தப் பக்கம் பெற்றோரோடு உட்கார்ந்து, இப்படிப்பட்ட ஒப்பந்தங்களை வரிவரியாகப் படித்துச் சொல்லியிருக்கிறேன். அதனால் நீங்கள் எழுதிய ஒவ்வொரு நிபந்தனையும் எனக்குப் பழக்கமானதுதான்.

அந்த அலுவலகத்தில் உங்களிடம் பாட்டைப் பற்றியும் ஆட்டத்தைப் பற்றியும் பேசியிருப்பார்கள். மேடை முடிந்த பிறகு நடப்பதைப் பற்றி எவ்வளவு பேசினார்கள் என்று நினைத்துப் பாருங்கள். இந்தத் தொழில் நிற்பது அதன் மேல்தான்.

முன்பு அப்படி இல்லை. 1973இல் 14 வயதில் அறிமுகமான பாடகி யமகுச்சி மொமோஎ, 1980இல் 21 வயதில் புடோகன் அரங்க மேடையில் மைக்கைக் கீழே வைத்துவிட்டு விலகினார். அந்தக் காலத்து ஐடல், தொலைக்காட்சிக்கு உள்ளே இருந்தவர். ரசிகர் வெளியே இருந்தார். 2005இல் அகிஹாபராவில் 250 இருக்கைகள் கொண்ட சிறிய அரங்கில் ஏகேபி48 என்ற பெண்கள் குழு தொடங்கியபோது, "போய்ப் பார்க்க முடிகிற ஐடல்" என்பதே அதன் அடையாளமாக இருந்தது. சிடியோடு கைகுலுக்கல் சீட்டு வந்தது. ஒரே பாட்டுக்காகப் பத்து சிடி வாங்கினால் பத்து தடவை சில நொடிகள் கையைப் பிடித்துப் பேசலாம். இசையைவிட அந்த நொடிகளுக்கு விலை கூடியது.

உங்கள் மகளைக் கேட்பவர்கள் அந்த அளவு பெரியவர்கள் அல்ல. கட்டடத்தின் அடித்தளத்தில், நூறு இருநூறு பேர் நின்று பார்க்கும் லைவ் ஹவுஸ்களில் ஆடும் குழுக்களை இங்கே 'ச்சிகா ஐடல்', அதாவது நிலத்தடி ஐடல், என்கிறார்கள். நுழைவுச்சீட்டுப் பணம் அரங்க வாடகைக்கே சரியாகிவிடும். உண்மையான வரவு, நிகழ்ச்சி முடிந்ததும் போடப்படும் நீள மேசையில்தான். ரசிகர் ஆயிரம், இரண்டாயிரம் யென் கொடுத்துச் சீட்டு வாங்கி, ஐடலோடு நின்று உடனடி கேமராவில் ஒரு படம் எடுத்துக்கொள்வார். அதற்கு 'செக்கி' என்று பெயர். படத்தில் பெயர் எழுதிக் கையெழுத்திடும் ஒரு நிமிடம் பேசலாம். எத்தனை செக்கி விற்றது என்பதை வைத்துத்தான் பல குழுக்களில் அந்தப் பெண்ணின் பங்கும், அடுத்த பாட்டில் அவள் நிற்கும் இடமும் தீர்மானமாகும்.

என்னிடம் வந்த ஒரு பதினேழு வயதுப் பெண் தன் பையில் ஒரு நோட்டுப் புத்தகம் வைத்திருந்தாள். தன்னிடம் வாடிக்கையாக வரும் நாற்பது ஆண்களின் பெயர், பிறந்த நாள், போன வாரம் என்ன பேசினார்கள், யாருக்கு வேலை போனது, யாருடைய அம்மாவுக்கு உடம்பு சரியில்லை எல்லாம் அதில் எழுதியிருந்தாள். மறந்துவிட்டால் அவர்கள் வேறு பெண்ணின் வரிசைக்குப் போய்விடுவார்களாம். "யாரும் தப்பாத் தொடலை. ஆனா வீட்டுக்கு வந்தா எனக்கு யார்கிட்டயும் பேசப் பிடிக்கலை" என்றாள். அவளுடைய அலுவலகம் சட்டப்படி பெரிய குற்றம் எதுவும் செய்திருக்கவில்லை. இருந்தும் அவள் தன் அம்மாவோடு பேசுவதை நிறுத்தி எட்டு மாதம் ஆகியிருந்தது.

விற்பது நெருக்கம் என்றால், வாங்கியவர்களில் சிலர் அதை உண்மை என்றே நம்பிவிடுவார்கள். 2014 மே மாதம் இவாதே மாநிலத்தில் ஒரு கைகுலுக்கல் நிகழ்ச்சியில் ஒருவன் ரம்பத்தோடு பாய்ந்ததில் ஏகேபி48 பெண்கள் இருவரும் ஊழியர் ஒருவரும் காயப்பட்டார்கள். 2016 மே மாதம் டோக்கியோ கொகனேயில், பாடிவந்த 20 வயது மாணவி ஒருவரை ரசிகன் ஒருவன் பலமுறை கத்தியால் குத்தினான். சில நாட்களுக்கு முன்புதான் அவர் அவனைப் பற்றிப் போலீஸில் போய்ச் சொல்லியிருந்தார். அந்த ஆண்டு டிசம்பரில் நிறைவேறிய திருத்தத்தால்தான் சமூக ஊடகத்தில் விடாமல் செய்தி அனுப்புவதும் பின்தொடர்தல் தடுப்புச் சட்டத்துக்குள் வந்தது. 2019இல் ஒருவன், ஐடல் ஒருவர் போட்ட செல்ஃபியில் அவருடைய கண்மணியில் தெரிந்த பிம்பத்தைப் பெரிதாக்கி, எந்த ரயில் நிலையம் என்று கண்டுபிடித்து, அங்கே காத்திருந்து பின்தொடர்ந்து தாக்கினான்.

கண்ணில் தெரிந்த பிம்பமே போதுமாயிருந்தது. உங்கள் மகளைத் தேட அதுகூட வேண்டாம். அந்தக் குழுவில் அவளை "இந்தியப் பெண்" என்றுதான் அறிமுகப்படுத்துவார்கள். அவர்களுக்கு அவள் வேண்டும் என்பதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். டோக்கியோவில் இந்தியக் குடும்பங்கள் எங்கே இருக்கும் என்று கேட்டால் முதலில் வரும் பெயர் நிஷி-கசாய். அங்கே ஜப்பானியப் பள்ளிச் சீருடையில் நடந்து போகும் பதினான்கு வயது இந்தியப் பெண்கள் எத்தனை பேர்? ஜப்பானியப் பெண்ணுக்குக் கூட்டத்தில் கலந்துவிடும் வசதி உண்டு. உங்கள் மகளுக்கு அது இல்லை. அலுவலகத்தில் யாரும் இதை யோசித்திருக்க மாட்டார்கள். நீங்கள் யோசிக்க வேண்டும்.

இனி அந்தத் தாள்.

காதல் தடையும் அபராதமும் வெறும் மிரட்டலா என்று கேட்பீர்கள். முழுக்க அப்படியும் சொல்ல முடியாது. 2015 செப்டம்பரில் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம், காதல் தடையை மீறிய 17 வயது முன்னாள் ஐடல் ஏறத்தாழ 6,50,000 யென் நஷ்டஈடு கொடுக்க வேண்டும் என்றது. நான்கே மாதம் கழித்து, 2016 ஜனவரியில், அதே நீதிமன்றத்தின் வேறொரு நீதிபதி இன்னொரு வழக்கில் நேரெதிராகத் தீர்ப்பளித்தார். ஒருவரோடு அன்பு கொள்வது மனிதர் தம் வாழ்க்கையைத் தாமே அமைத்துக்கொள்ளும் சுதந்திரத்தில் அடங்கும், அதற்கு நஷ்டஈடு கேட்க முடியாது என்றார். 2023 ஏப்ரலில் ஓசாகா மாவட்ட நீதிமன்றம், ஆண் ஐடல் ஒருவரைத் தொழிலாளர் என்று ஏற்று, நிறுவனம் கேட்ட அபராதங்களைத் தள்ளிவிட்டது. தொழிலாளர் தரநிலைச் சட்டத்தின் 16ஆவது பிரிவு, வேலை ஒப்பந்தத்தில் அபராதத் தொகையை முன்கூட்டியே எழுதிவைப்பதைத் தடுக்கிறது. அதனால்தான் இந்த அலுவலகங்கள் "இது வேலை அல்ல, மேலாண்மை ஒப்பந்தம்" என்று சொல்லிக்கொள்கின்றன. 1988இல் தொழிலாளர் அமைச்சகம் ஒரு சுற்றறிக்கை விட்டது. ஹிகாரு கென்ஜி என்ற பையன்கள் குழு உச்சத்தில் இருந்த காலம் என்பதால் அந்தக் குழுவின் பெயராலேயே அது அழைக்கப்படுகிறது. வேறு ஆளை வைத்து ஈடுகட்ட முடியாத கலைஞர், மணிக்கணக்கில் கூலி வாங்காதவர், நேரக் கட்டுப்பாடு இல்லாதவர், வேலை ஒப்பந்தம் அல்லாதவர் என நான்கும் பொருந்தினால் அவர் தொழிலாளர் அல்ல என்பது அதன் சாரம். ஐந்து பேரில் ஒருவர் போனால் அடுத்த வாரமே இன்னொருவர் வரும் குழுவுக்கு இது எப்படிப் பொருந்தும் என்பது என் கேள்வி. ஆனால் அந்தக் கேள்வியை நீதிமன்றத்தில் கேட்கும் நிலைக்கு உங்கள் மகள் போகவே கூடாது.

உங்கள் மகள் இன்னும் கட்டாயக் கல்வி வயதில் இருக்கிறாள். 15 வயது முடிந்து வரும் மார்ச் 31 வரை, அவளை வேலைக்கு வைக்க வேண்டுமானால் தொழிலாளர் தரநிலை ஆய்வு அலுவலகத்தின் அனுமதி வேண்டும். பள்ளித் தலைவரின் சான்றும் பெற்றோர் சம்மதமும் வேண்டும். பள்ளி நேரத்தையும் சேர்த்து ஒரு நாளைக்கு ஏழு மணி நேரம்தான். ஐம்பது நிமிட வகுப்பு ஆறு என்றால் அதிலேயே ஐந்து மணி நேரம் போய்விடும், மிச்சம் இரண்டு. இரவு எட்டு மணிக்கு மேல் கூடாது. மேடை, திரை வேலைக்கு மட்டும் ஒன்பது வரை நீட்டித்திருக்கிறார்கள். அந்த அலுவலகத்துக்குத் தொலைபேசியில், "ஆய்வு அலுவலக அனுமதியை நீங்கள் வாங்குவீர்களா, எப்போது?" என்று ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். ஒழுங்கான இடமாக இருந்தால் நாளும் நடைமுறையும் சொல்வார்கள். "நம்முடையது வேலை ஒப்பந்தம் இல்லையே" என்று தொடங்கினால் மேற்கொண்டு கேட்க வேண்டியதில்லை.

பலர் கவனிக்காமல் விடும் விசா விஷயத்தையும் சொல்ல வேண்டும். மகள் டிபென்டென்ட் விசாவில் இருந்தால், பணம் பெறும் எந்த வேலைக்கும் குடிவரவு அலுவலகத்தின் தனி அனுமதி வேண்டும். பொதுவாகத் தரும் வாரம் 28 மணி நேர அனுமதி, நேரக் கணக்கு காட்டக்கூடிய வேலைகளுக்கானது. செக்கி விற்பனையில் பங்கு என்பது போன்ற ஒப்பந்தத்துக்கு அது போதாமல் போகலாம். நாளை நிரந்தர வதிவிடத்துக்கு விண்ணப்பிக்கும்போது இந்தத் தவறு முழுக் குடும்பத்தின் தலையிலும் விழக்கூடும்.

2,80,000 யென் விஷயத்தில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஒரு குழந்தையின் திறமையை நம்பி முதல் போடுகிறவர்கள் அந்தக் குழந்தையின் வீட்டிலிருந்து முதலைக் கேட்க மாட்டார்கள். தெருவில் நிறுத்திப் பேசி அலுவலகத்துக்கு அழைத்து விற்கப்படும் பயிற்சிக்கு, ஆவணம் கையில் வந்த நாளிலிருந்து எட்டு நாளுக்குள் எழுத்தில் ரத்து செய்யும் உரிமை உண்டு. வேலை தருகிறோம் என்று சொல்லி அதற்காகப் பணம் வாங்கும் வகை என்றால் இருபது நாள். ஏற்கெனவே ஏதாவது முன்பணம் கட்டியிருந்தால் இன்றைக்கே 188 என்ற நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள்.

இப்போது மகள் சொன்ன பதினெட்டுக்கு வருகிறேன். அவள் சொன்னது சரிதான். 2022 ஏப்ரலில் ஜப்பான் வயதுவந்தோர் வயதை 20இலிருந்து 18ஆகக் குறைத்தது. 18 நிரம்பியவர் தானே கையெழுத்துப் போடலாம். சிறுவர் என்ற காரணத்துக்காக ஒப்பந்தத்தை ரத்து செய்யும் உரிமை அன்றோடு போய்விடும். அதுவரை உங்கள் சம்மதம் இல்லாமல் அவள் போடும் இப்படிப்பட்ட ஒப்பந்தத்தை நீங்கள் ரத்து செய்யலாம். நீங்களே கையெழுத்துப் போட்டுவிட்டால் அந்த வழி அடைபடும். ஆகவே உங்களிடம் இருப்பது நான்கு வருடம். அந்த நான்கு வருடத்தில் அவள் உங்களிடம் எல்லாவற்றையும் பேசுகிறவளாக வளர்ந்தால், பதினெட்டில் அவள் நீட்டும் தாளை நீங்களும் படிப்பீர்கள். கதவை அறைந்து சாத்தினால், அந்தத் தாளைப் பற்றி உங்களுக்குத் தெரியவே வராது.

இந்த உலகமே மோசமானதா என்று கேட்டிருந்தீர்கள். நன்றாகப் பாடக் கற்றவர்களும், கடும் உழைப்பாளிகளும், பொறுப்பான பயிற்சியாளர்களும் அங்கே உண்டு. இருந்தும் இந்தத் தொழில் தன் குழந்தைகளைக் காப்பாற்றத் தவறியது எப்படி என்பதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். பையன்கள் ஐடல் குழுக்களை உருவாக்கிய ஜானீஸ் நிறுவனத்தை நிறுவிய ஜானி கிடகாவா, தன்னிடம் பயிற்சிக்கு வந்த பையன்களைப் பல பத்தாண்டுகள் பாலியல் கொடுமைக்கு ஆளாக்கினார். 1999இல் ஒரு வார இதழ் தொடர்ந்து எழுதியது. அவர் அவதூறு வழக்குப் போட்டார். 2003இல் டோக்கியோ உயர் நீதிமன்றம், பாலியல் கொடுமை பற்றிய அந்தச் செய்திகள் முக்கியமான பகுதியில் உண்மையே என்றது, 2004இல் அது உறுதியானது. அதற்குப் பிறகும் தொலைக்காட்சிகள் அதைப் பற்றிப் பேசவில்லை, பையன்கள் வந்துகொண்டே இருந்தார்கள். 2019இல் அவர் இறந்தார். 2023 மார்ச்சில் பிபிசியின் ஆவணப்படம் வந்து, பாதிக்கப்பட்டவர்கள் முகம் காட்டிப் பேசிய பிறகுதான், செப்டம்பர் 7 அன்று நிறுவனம் ஒப்புக்கொண்டது. அந்த மாத இறுதிக்குள் 478 பேர் முன்வந்திருந்தார்கள், அவர்களில் 325 பேர் இழப்பீடு கேட்டார்கள்.

அந்தப் பையன்களுக்கும் பெற்றோர் இருந்தார்கள், சகோதரி. பிள்ளைக்குக் கிடைத்த வாய்ப்பு போய்விடும் என்ற அச்சமும், வாய்ப்புக் கொடுத்தவர் மேல் இருந்த நன்றியும் ஒரு பெரியவரின் வாயை எப்படிக் கட்டிவிடும் என்று நான் நேரில் பார்த்திருக்கிறேன். அந்த அலுவலகத்தில் "மரியாதையாகத்தான் பேசினார்கள்" என்று நீங்கள் எழுதிய இடத்தில் நான் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். மரியாதையாக நடத்தியவர்களிடம் கறாராகக் கேள்வி கேட்பது நமக்குக் கஷ்டம். எங்கிருந்தோ வந்த நம்மையும் மதித்தார்களே என்ற நெகிழ்ச்சி வேறு சேர்ந்துவிடும். அந்த நெகிழ்ச்சிக்காக எதையும் கேட்காமல் விட்டுவிடாதீர்கள்.

குற்றம் செய்யாதவரையும், குற்றத்துக்கு ஆளானவரையுமே மன்னிப்புக் கேட்க வைக்கும் வழக்கமும் இங்கே இருந்திருக்கிறது. ஒரு இளைஞரோடு இரவு தங்கியதாகச் செய்தி வந்ததற்காக, 2013 ஜனவரியில் ஏகேபி48இன் மினேகிஷி மினாமி தலையை மொட்டையடித்துக்கொண்டு காணொளியில் அழுது மன்னிப்புக் கேட்டார். அப்போது அவருக்கு 20 வயது. 2019 ஜனவரியில் நீகாட்டாவில், ஏகேபி48இன் சகோதரக் குழுவான என்ஜிடி48இன் யமகுச்சி மாஹோ, தன் வீட்டு வாசலில் தானே தாக்குதலுக்கு ஆளாகியிருந்தும், தொந்தரவு கொடுத்ததற்காக மேடையில் மன்னிப்புக் கேட்க வேண்டி வந்தது. உங்கள் மகளுக்கு இந்தப் பெயர்கள் தெரிந்திருக்கும். நீங்கள் உபதேசம் செய்ய வேண்டாம், "இதைப் பத்தி நீ என்ன நினைக்கிற?" என்று கேட்டுவிட்டு, அவள் பேசி முடிக்கும் வரை பொறுத்திருங்கள்.

அவளிடம் இன்னொன்றும் கேட்க வேண்டும், அவசரமில்லாமல், ஒரு ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு. அவளுக்கு வேண்டியது மேடையா, அல்லது "கவாயீ", அதாவது அழகு, என்று ஊரே தன்னைப் பார்த்துச் சொல்வதா? ஐந்து வயதில் இங்கே வந்து, வகுப்பில் தான் ஒருத்தி மட்டும் வேறு நிறம், வேறு முடி, டிபன் பாக்ஸில் வேறு மணம் என்று வளர்ந்த பெண். ஹராஜுகுவில் அத்தனை பெண்களுக்கு நடுவில் ஒருவர் இவளைத்தான் நிறுத்தி, நீ அழகு, நீ வேண்டும் என்றார். அது அவளுக்கு எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள். மூன்று நாள் சாப்பிடாதது அடம் என்று எனக்குத் தோன்றவில்லை. அந்த வார்த்தையைத் தந்த ஒரே இடத்தை நீங்கள் பறிக்கிறீர்கள் என்று அவள் நினைக்கிறாள். உங்கள் கணவரிடமும் இதைச் சொல்லுங்கள். அவர் முடிவு சரி, ஆனால் அதன் காரணத்தை மகளுக்கு அவரே உட்கார்ந்து விளக்க வேண்டும்.

மேடைதான் வேண்டும் என்றால் வழிகள் இருக்கின்றன. பள்ளியில் நடனக் கிளப் இருக்கிறதா பாருங்கள். நல்ல நடனப் பள்ளியில் மாதக் கட்டணத்துக்குச் சேர்க்கலாம். அங்கே யார் கற்பிக்கிறார்கள், தனி அறையில் ஒற்றைக்கு ஒற்றையாகப் பயிற்சி உண்டா, கதவில் கண்ணாடி இருக்கிறதா என்று கேட்க வெட்கப்படாதீர்கள். பரதத்தை விட்டுவிட்டாளா? விடாமல் இருந்தால் நல்லது. பதினாறு, பதினேழில் பெரிய நிறுவனங்களின் பொது ஆடிஷனுக்குப் போக விரும்பினால் கூடவே போங்கள். கட்டணம் கேட்கிறார்களா, இசைத் தொழில் சங்கத்தில் உறுப்பினரா, ஒப்பந்தத்தை வழக்கறிஞரிடம் காட்டக் கால அவகாசம் தருகிறார்களா என்று முதலில் பாருங்கள். சனிக்கிழமைக்குள் பதில் வேண்டும் என்கிறவர் அந்த அவகாசத்தைத் தர விரும்பாதவர்.

சனிக்கிழமை நீங்களே பேசுங்கள், மகளைப் பேசவிடாதீர்கள். "இப்போது சேர்ப்பதில்லை என்று முடிவு செய்திருக்கிறோம்" என்று சொன்னால் போதும், காரணம் சொல்லக் கடமையில்லை. அதன் பிறகு அவர்கள் மகளுக்கு நேராகச் செய்தி அனுப்பினால், அழிக்காமல் படம் எடுத்து வைத்துக்கொண்டு #9110 என்ற போலீஸ் ஆலோசனை எண்ணுக்குச் சொல்லுங்கள். நேர்காணலின்போது எடுத்த படங்கள், நிரப்பிக் கொடுத்த படிவம் எல்லாவற்றையும் திருப்பிக் கேளுங்கள், எழுத்தில். வழக்கறிஞர் வேண்டுமானால் ஹோதெராசு எனும் அரசு சட்ட உதவி மையத்தில் ஆங்கிலத்தில் பேசலாம். ஒப்பந்த நகலைப் பெயர்களை மறைத்து எனக்கும் அனுப்புங்கள், வரிவரியாகப் படித்துச் சொல்கிறேன்.

மகள் விரும்பினால் அவளே எனக்கு எழுதட்டும், ஜப்பானிய மொழியில் எழுதினாலும் சரி. அவள் எழுதுவதை உங்களிடம் சொல்ல மாட்டேன் என்று அவளுக்கு முதலிலேயே சொல்லிவிடுவேன். அவள் உயிருக்கோ உடலுக்கோ ஆபத்து என்று தெரிந்தால் மட்டும், அவளிடம் சொல்லிவிட்டு உங்களை அழைப்பேன்.